எட்டாம் வகுப்போடு சட்டம் கையை விட்டுவிடுகிறது

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நான் 33 வருடம் அரசுப் பள்ளிகளில் கணக்கு சொல்லிக் கொடுத்து ஓய்வு பெற்றவள். ஒவ்வொரு ஜூன் மாதமும் பள்ளி திறக்கும் செய்தியைப் போடும்போது, முதல் வகுப்பில் சேர வந்து அழும் குழந்தையின் படத்தை எல்லாப் பத்திரிகைகளும் போடுகிறீர்கள். நல்ல படம்தான். ஆனால் அதே வாரத்தில் ஒன்பதாம் வகுப்புக்கு வராமல் போகிற பிள்ளையை யாரும் படம் எடுப்பதில்லை. அந்தப் பிள்ளையைப் பற்றித்தான் இந்தக் கடிதம், கொஞ்சம் நீளமாகப் போனால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் கடைசியாக வேலை பார்த்த ஊரில் நடுநிலைப்பள்ளி எட்டாம் வகுப்போடு முடிகிறது. ஒன்பதுக்கு பஸ் ஏறி வேறு ஊர் போக வேண்டும். ஒரு பையன் இருந்தான், நான் பாதிக் கணக்கைப் பலகையில் எழுதும்போதே விடையைச் சொல்லிவிடுவான். எட்டு முடித்ததும் டி.சி. வாங்கிக்கொண்டு போனான். ஒன்பதில் எங்கேயாவது சேர்ந்திருப்பான் என்று நானும் நம்பிவிட்டேன். ஆகஸ்ட் மாதம் ஒருநாள் காலையில் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறேன், பனியன் கம்பெனி வேனில் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்திருக்கிறான். என்னைப் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டான். டெய்லருக்குப் பக்கத்தில் நின்று உதவும் கைமடி வேலை. அன்று சாயங்காலமே வீட்டுக்குப் போனேன். அவன் அப்பாவுக்கு விபத்தில் கால் போய் எட்டு மாதம் ஆகியிருந்தது. அம்மா சொன்னது இன்னும் காதில் இருக்கிறது: "அவன் படிக்கறது எனக்கும் ஆசைதானுங்க டீச்சர். எட்டு முடிச்சாச்சு, சட்டப்படி இனி யாரும் வந்து கேக்க மாட்டாங்கன்னு கம்பெனில சொன்னாங்க."

எழுத்தறியாத அந்த அம்மா கம்பெனியில் கேட்டு வந்து சொன்னதில் பெரும்பகுதி சரி. என்னை உறுத்துவது அதுதான்.

2009-ல் நிறைவேறி 2010 ஏப்ரல் 1-ஆம் தேதி நடைமுறைக்கு வந்த இலவசக் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம், 6 முதல் 14 வயது வரை உள்ள குழந்தைக்கு, தொடக்கக் கல்வி முடியும் வரை பள்ளி உரிமை தருகிறது. தொடக்கக் கல்வி என்றால் சட்டத்தின் கணக்கில் எட்டாம் வகுப்பு வரை. அதற்கு மேல் அந்தச் சட்டம் ஒரு வார்த்தை பேசாது. இன்னொரு பக்கம் குழந்தைத் தொழிலாளர் சட்டம். 2016-ல் அதைத் திருத்தி, 14 வயதுக்குக் கீழே எந்த வேலையிலும் வைக்கக் கூடாது என்றார்கள், 14 முதல் 18 வரை சுரங்கம், வெடிபொருள் மாதிரியான ஆபத்தான தொழில்களில் மட்டும் தடை என்றார்கள். அதிலும் 14-க்குக் கீழே உள்ள பிள்ளை பள்ளி நேரம் போக, லீவு நாளில், குடும்பத் தொழிலில் உதவி செய்யலாம் என்று ஒரு வாசலைத் திறந்து வைத்தார்கள். எங்கள் பக்கத்தில் வீட்டுக்கு மூட்டை மூட்டையாகத் தைத்த பனியன் பீஸ் வரும், நூல் பிசிறு வெட்டித் தர வேண்டும். அது குடும்பத் தொழிலா கம்பெனி வேலையா என்று யார் வந்து பார்க்கிறார்கள்? ராத்திரி பதினோரு மணி வரை பிசிறு வெட்டிவிட்டு மறுநாள் முதல் பீரியடில் தூங்கி விழும் பிள்ளைகளை நான் எத்தனையோ வருடம் பார்த்தேன்.

இனி ஒரு சின்னக் கணக்கு. நம் மாநிலத்தில் ஜூலை 31-க்குள் 5 வயது முடிந்தால் ஒன்றாம் வகுப்பில் சேர்க்கிறோம். ஏப்ரலில் பிறந்த குழந்தை 5 வயது 2 மாதத்தில் சேர்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். நடுவில் எங்கேயும் நிற்காமல் வந்தால் எட்டாம் வகுப்பு முடியும்போது அதற்கு 13 வயதுதான். கல்விச் சட்டம் உன் படிப்பு முடிந்தது என்கிறது, தொழிலாளர் சட்டம் உனக்கு இன்னும் வேலைக்குப் போகிற வயசு ஆகவில்லை என்கிறது. இரண்டுக்கும் நடுவே ஒரு முழு வருடம் அந்தப் பிள்ளை எங்கே இருக்க வேண்டும்? அந்த ஒரு வருடத்தில்தான் ஆதார் கார்டில் வயதைக் கூட்டிக் காட்ட முடியுமா என்று ஆள் தேடுகிறார்கள். பெண் பிள்ளையாக இருந்தால் பேச்சு வேறு திசைக்குப் போகிறது. மூன்று வருடம் மில்லில் தங்கி வேலை பார்த்தால் கல்யாணத்துக்கு மொத்தமாகப் பணம் கிடைக்கும் என்று ஆள் பிடிக்கிறவர்கள் வீடு வீடாக வந்த காலத்தை இந்தப் பக்கத்துக்காரர்கள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள்.

வயது விஷயத்தில் நாம் கெட்டிக்காரர்கள் என்று ஒரு காலத்தில் நினைத்ததுண்டு. என்னை ஒன்றாம் வகுப்பில் சேர்த்தபோது பிறப்புச் சான்றிதழெல்லாம் கிடையாது, தலைக்கு மேலே வலது கையைக் கொண்டுபோய் இடது காதைத் தொடச் சொன்னார்கள். தொட்டுவிட்டேன், சேர்த்துக்கொண்டார்கள். தொடாத பிள்ளை அடுத்த வருடம் வந்தது. என் வகுப்பில் பாதிப் பேருக்கு மே, ஜூனில்தான் பிறந்தநாள், எல்லாம் வாத்தியார் வைத்தது. இன்றைய சட்டம் வயதுச் சான்று இல்லை என்பதற்காக ஒரு குழந்தையைத் திருப்பி அனுப்பக் கூடாது என்று தெளிவாகச் சொல்கிறது. வயதுக்கேற்ற வகுப்பில் சேர்த்துக்கொண்டு தனிப் பயிற்சி கொடுக்க வேண்டும் என்றும் சொல்கிறது. பிள்ளையை உள்ளே அழைத்து வருவதில் இவ்வளவு யோசித்தவர்கள், அது வெளியே போகிற வாசலைப் பற்றி ஏன் யோசிக்கவில்லை?

பள்ளிக்கூடத்துக்குள்ளே நடக்கும் ஒன்றையும் சொல்லியாக வேண்டும். சொன்னால் என்னோடு வேலை பார்த்தவர்களே கோபித்துக்கொள்வார்கள், பரவாயில்லை. எட்டாம் வகுப்பு வரை நம் மாநிலத்தில் யாரையும் நிறுத்தி வைப்பதில்லை. 2019-ல் மத்திய சட்டத்தைத் திருத்தி, 5, 8 வகுப்புகளில் நிறுத்தி வைக்கலாம் என்று வழி செய்த பிறகும் தமிழ்நாடு அதை ஏற்கவில்லை, அதில் எனக்கு முழுச் சம்மதம். ஆனால் ஒன்பதுக்கு வந்ததும் அந்தப் பாதுகாப்பு போய்விடுகிறது. பத்தாம் வகுப்பில் நூறு சதவீதம் காட்ட வேண்டும் என்ற ஆசையில், தேற மாட்டான் என்று தோன்றுகிற பிள்ளையை ஒன்பதிலேயே நிறுத்துவதும், பெற்றோரைக் கூப்பிட்டு "வேறு எங்காவது பாருங்கள்" என்று டி.சி.யை நீட்டுவதும் நடந்திருக்கிறது, என் கண் முன்னாலேயே நடந்தது. கூட்டத்தில் எழுந்து பேசினேன். போதுமான அளவு பேசினேனா என்று கேட்டால் இல்லை என்றுதான் சொல்வேன். ஒன்பதில் ஒருமுறை தோற்ற பிள்ளை மறுபடி அதே வகுப்பில் தன் தங்கையோடு சேர்ந்து உட்கார வருவதை நான் இரண்டு மூன்று தடவைக்கு மேல் பார்க்கவில்லை.

டி.சி. கொடுத்ததும், எமிஸ் என்கிற கல்வித் துறையின் கணினிப் பதிவேட்டில் அந்தப் பெயர் 'காமன் பூல்' என்ற இடத்துக்குப் போகும். அடுத்த பள்ளி அங்கிருந்து எடுத்துக்கொள்ள வேண்டும். எடுக்க யாரும் வராத பெயர் அங்கேயே கிடக்கும். அப்புறம் ஆசிரியர்கள் வீடு வீடாகப் போய்த் தேடுவார்கள், இதை நான் குறையாகச் சொல்லவில்லை, வெயிலில் அலைந்து பிள்ளைகளைத் திரும்பக் கூட்டி வந்த ஆசிரியர்கள் நிறையப் பேர். ஆனால் ஆறாம் வகுப்புப் பிள்ளையின் வீட்டில் "இது சட்டம், அனுப்பித்தான் ஆகணும்" என்று சொல்ல முடிகிற அதே ஆசிரியர், ஒன்பதாம் வகுப்புப் பிள்ளையின் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து கெஞ்ச வேண்டியிருக்கிறது.

அரசு எதுவும் செய்யவில்லை என்று சொன்னால் பாவம். காமராஜர் காலத்து மதிய உணவு, 1982-ல் எம்.ஜி.ஆர். கொண்டுவந்த சத்துணவு, 2022-ல் தொடங்கிய காலை உணவு என்று சோறு போட்டுப் பிள்ளைகளை உட்கார வைத்த மாநிலம் இது. ஆனால் எந்த வகுப்பில் எது கிடைக்கிறது என்று வரிசையாகப் பாருங்கள். காலை உணவு ஐந்தாம் வகுப்போடு சரி. சைக்கிள் பதினொன்றில் தருகிறார்கள். இடைநிற்றலைக் குறைக்க என்றே ஏற்படுத்திய ஊக்கத்தொகையைப் பத்தாம் வகுப்பிலிருந்துதான் தொடங்கினார்கள். மாதம் 1,000 ரூபாய் கல்லூரிக்குப் போன பிறகு. ஒன்பதில் புதிதாகக் கிடைப்பது என்றால், எட்டில் தேசிய வருவாய் வழித் திறனறித் தேர்வு எழுதித் தேறியவர்களுக்கு வரும் மாதம் 1,000 ரூபாய் உதவித்தொகை. அது நன்றாகப் படிக்கிற சிலருக்கு. மற்றவர்களில் பெரும்பாலோருக்கு, பள்ளி தூரமாகிப் போன அதே வருடத்தில், கையில் புதிதாக ஒன்றும் இல்லை. சைக்கிள் வேண்டியது ஒன்பதாம் வகுப்பில் அல்லவா? பதினொன்றில் கொடுக்கும் சைக்கிளை, ஊரில் உயர்நிலைப்பள்ளி இல்லாத பிள்ளைகளுக்காவது ஒன்பதிலேயே கொடுங்கள் என்று நான் பலமுறை எழுதிப் போட்டிருக்கிறேன்.

இலங்கையைப் பாருங்கள். பொருளாதாரத்தில் எத்தனையோ அடி வாங்கிய நாடு. அங்கே கட்டாயக் கல்வி வயது 5 முதல் 14 என்று இருந்ததை 2016-ல் 16 வரை உயர்த்தினார்கள். அதோடு நிறுத்தாமல் 2021-ல் வேலைக்கு வைக்கும் குறைந்தபட்ச வயதையும் 14-லிருந்து 16-க்குக் கொண்டுபோனார்கள். பள்ளிக்கூடக் கதவு மூடும் வயதும் வேலைக் கதவு திறக்கும் வயதும் ஒன்றாக இருக்க வேண்டும் என்ற சாதாரண விஷயம் அவர்களுக்குப் புரிந்திருக்கிறது. சட்டம் போட்டதால் அங்கே எல்லாப் பிள்ளையும் பள்ளிக்குப் போய்விட்டது என்று நான் சொல்லவில்லை, மலையகத் தோட்டங்களின் கஷ்டம் நமக்கும் தெரியும். ஆனால் கேட்கிறவனுக்குக் கையில் ஒரு சட்டம் இருக்கிறது.

நாம் இந்த விஷயத்தில் எப்போதும் தாமதம்தான். விடுதலைப் போராட்டத் தலைவர் கோகலே 1911-ல், அதுவும் 6 முதல் 10 வயது வரையிலான பிள்ளைகளுக்கு மட்டும், படிப்படியாகக் கட்டாயக் கல்வி கொண்டுவர மசோதா வைத்தார். அடுத்த வருடம் அதை 38-க்கு 13 என்று தோற்கடித்தார்கள். சுதந்திரத்துக்குப் பிறகு அரசியல் சாசனத்தின் 45-ஆம் பிரிவு, பத்து வருடத்துக்குள் 14 வயது வரை எல்லோருக்கும் கட்டாயக் கல்வி தர முயல வேண்டும் என்றது. அதாவது 1960-க்குள். அது உரிமையாகக் கைக்கு வந்தது 2010-ல். 1950-ல் 14 என்று எழுதியபோது எட்டாம் வகுப்புப் படித்தவருக்கு ஒரு வேலை கிடைத்தது, மரியாதையும் இருந்தது. இன்று எட்டாம் வகுப்புச் சான்றிதழை வைத்துக்கொண்டு ஒரு பிள்ளை எங்கே போய் நிற்கும்? ஐ.டி.ஐ.யில் பெரும்பாலான பிரிவுகளுக்கே பத்தாம் வகுப்பு கேட்கிறார்கள். 2019-ல் வந்த தேசியக் கல்விக் கொள்கை வரைவில், கல்வி உரிமைச் சட்டத்தை 3 வயது முதல் 18 வயது வரை நீட்ட வேண்டும் என்று பரிந்துரை இருந்தது. 2020-ல் இறுதி வடிவம் வந்தபோது 18 வயது வரை எல்லோருக்கும் கல்வி என்ற இலக்கு மட்டும் மிஞ்சியது, சட்டத்தை நீட்டும் பரிந்துரையைக் காணோம். மற்ற கொள்கைச் சண்டைகளை எல்லாம் விடுங்கள், இந்த ஒரு வரி காணாமல் போனதற்கு எந்தக் கட்சியும் பெரிதாகச் சத்தம் போட்டு நான் கேட்கவில்லை என்பது எனக்கு ஆறாத வருத்தம்.

கட்டாயம் என்றவுடன் சிலர், ஏழைப் பெற்றோருக்கு அபராதம் போடப் போகிறீர்களா, ஜெயிலில் தள்ளுவீர்களா என்று கேட்கிறார்கள். இப்போதைய சட்டத்திலேயே பிள்ளையைச் சேர்ப்பது பெற்றோரின் கடமை என்று இருக்கிறதே தவிர, தண்டனை இல்லை. கட்டாயம் என்ற சொல்லுக்கு அந்தச் சட்டம் கொடுக்கும் விளக்கமே, பிள்ளை சேர்வதையும் தினமும் வருவதையும் படித்து முடிப்பதையும் உறுதி செய்வது அரசின் பொறுப்பு என்பதுதான். அது அப்படியே இருக்கட்டும், பத்தாம் வகுப்பு வரைக்கும் இருக்கட்டும் என்கிறேன். முடிந்தால் 18 வயது வரை. கால் போன தகப்பன் இருக்கிற வீட்டில் அந்தப் பையனின் கூலி எவ்வளவு தேவை என்று எனக்குத் தெரியாதா? அவன் கூலியை நம்பி ஒரு குடும்பம் உட்காரும் நிலை வந்தால் அந்தக் குடும்பத்துக்குப் பென்ஷனோ உதவித்தொகையோ வாங்கித் தரும் வேலையும் அதே பொறுப்பில் சேர்ந்தது என்று சட்டத்தில் எழுதுங்கள். கல்வி, மத்திய அரசும் மாநில அரசும் சட்டம் போடக்கூடிய பொதுப் பட்டியலில் இருக்கிறது, டெல்லி செய்யட்டும் என்று காத்திருக்காமல் நம் சட்டமன்றமே தொடங்கலாம். 1994-லேயே தமிழ்நாடு தனக்கென்று கட்டாயத் தொடக்கக் கல்விச் சட்டம் போட்டதுதானே, நாடாளுமன்றம் விழித்துக்கொள்ள அதற்கப்புறம் 15 வருடம் ஆனது.

அந்தப் பையனுக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். நான் மூன்று தடவை போனேன், நான்காவது தடவை வீடு பூட்டியிருந்தது. வாடகை குறைவாக இருக்கிறது என்று வேறு பக்கம் போய்விட்டார்கள் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள். இப்போது அவனுக்கு இருபது வயதுக்கு மேல் இருக்கும்.

உங்கள் பத்திரிகைக்கு ஒரு வேண்டுகோள். ஜூலை முதல் வாரத்தில் உங்கள் செய்தியாளர்கள் ஒவ்வொரு ஒன்றியத்திலும் வட்டாரக் கல்வி அலுவலரிடம் இரண்டே இரண்டு எண்களைக் கேட்கட்டும்: ஏப்ரலில் எட்டு முடித்தவர்கள் எத்தனை பேர், ஒன்பதில் சேர்ந்தவர்கள் எத்தனை பேர். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போட்டு வெளியிடுங்கள். அவிநாசி பக்கத்து ஊர்களில் அப்படி விட்டுப்போன பிள்ளைகளின் வீடுகளுக்குப் போக ஆள் வேண்டுமென்றால், பள்ளி மேலாண்மைக் குழுவினர் என்னைக் கூப்பிடலாம், முழங்கால் வலி இருந்தாலும் வந்துவிடுவேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியை,
அவிநாசி