உதவி இயக்குநர் டேவிட் டாம்ப்ளினுக்கு ஒரு கடிதம்

மதிப்பிற்குரிய டாம்ப்ளின் ஐயா,

நீங்கள் 2005லேயே காலமாகிவிட்டீர்கள். இந்தக் கடிதம் உங்கள் கைக்கு வராது. இருந்தாலும் எழுத வேண்டும் போலிருக்கிறது.

சின்ன வயதில் ஒரு காந்தி ஜெயந்தியன்று டிவியில் 'காந்தி' படம் போட்டார்கள். இறுதி ஊர்வலம் வந்தபோது அது நிஜ ஊர்வலம் என்றே நினைத்துக்கொண்டேன். 1981 ஜனவரி 31 அன்று, அசல் ஊர்வலம் நடந்து 33 ஆண்டுகள் கழித்து அதே தேதியில், டெல்லி ராஜபாதையில் எடுத்த காட்சி அது என்று பல வருடம் கழித்துத்தான் தெரிந்தது. ஏறக்குறைய 3 லட்சம் பேர். பாதிக்கு மேல் கூலி வாங்காமல் தாமாகவே வந்தவர்கள். 11 கேமரா குழுக்கள். படத்தில் வருவது சுமார் 2 நிமிடம்.

கம்ப்யூட்டரில் கூட்டத்தைப் பெருக்கிக் காட்டும் வசதி அன்று கிடையாது. காட்சி சரியாக வரவில்லை என்றால், அத்தனை பேரையும் மறுநாள் கூப்பிடவும் முடியாது. படத்தை இயக்கியவர் ரிச்சர்ட் அட்டன்பரோ. முதல் உதவி இயக்குநர் நீங்கள். அந்த ஒரு நாளுக்கு முந்தைய இரவு நீங்கள் தூங்கினீர்களா ஐயா?

நம் ஊரில் உதவி இயக்குநர் என்றால் நாளைக்குப் படம் இயக்கப்போகிறவர் என்று அர்த்தம். உங்கள் பிரிட்டனில் முதல் உதவி இயக்குநர் என்பதே ஒருவர் ஆயுள் முழுக்கச் செய்யும் தொழில். எந்தக் காட்சியை எந்த நாளில் எடுப்பது, யார் எத்தனை மணிக்கு வருவது, எல்லாம் அவர் பொறுப்பு. கூட்டத்தை நகர்த்துவதும், தளத்தில் அமைதி கேட்டுக் குரல் கொடுப்பதும் அவர்தான். 'சூப்பர்மேன்', இண்டியானா ஜோன்ஸின் முதல் மூன்று படங்கள், 'பிரேவ்ஹார்ட்' என்று நீங்கள் அப்படி நடத்திய தளங்கள் ஏராளம்.

உங்களுக்கு இயக்கத் தெரியாதா என்ன! நடிகர் பேட்ரிக் மெக்கூகனோடு சேர்ந்து 'தி பிரிசனர்' டிவி தொடரை 1967ல் கொண்டுவந்தீர்கள். அதன் தயாரிப்பாளர் நீங்கள். முதல் பகுதியின் கதையிலும் உங்கள் கை உண்டு. துப்பாக்கி எடுக்க மறுக்கும் ஷெரீப்பை வைத்து ஒரு பகுதியை இயக்கினீர்களே, எனக்கு அந்தத் தொடரிலேயே அதுதான் பிடிக்கும். அப்புறம், ஸ்டார் வார்ஸ் மூன்றாவது படத்தின் படப்பிடிப்புக்கு நடுவே, அதில் கரடிக்குட்டி போல இருக்கும் ஈவாக் வேடம் போட்ட சிறுவன் வார்விக் டேவிஸை வைத்து ஒரு குறும்படமும் எடுத்தீர்கள். அது முறையாக வெளியாகவே இல்லை. அதில் எனக்கு இன்றும் வருத்தம்தான்.

'காந்தி'க்கு 8 ஆஸ்கர் கிடைத்தன. உதவி இயக்குநருக்கு என்று ஒரு பிரிவு 1930களில் சில வருடங்கள் இருந்ததாம், பிறகு எடுத்துவிட்டார்கள். சரி, 2003ல் பிரிட்டனின் திரைப்பட அகாடமியான பாஃப்டா தன் கௌரவ விருதை உங்களுக்கும் இன்னொரு உதவி இயக்குநரான மைக்கேல் ஸ்டீவன்சனுக்கும் சேர்த்துக் கொடுத்தது. நீங்கள் உயிரோடு இருக்கும்போதே கொடுத்தார்களே என்று நினைத்தால் மனசு நிறைகிறது.

அன்புடன்,
அந்த ஊர்வலத்தை நிஜமென்று நம்பிய ஒருவன்