என் நாளை என்னிடமே விட்டுவைத்தவர்களுக்கு

அன்புள்ள உங்கள் அனைவருக்கும் வணக்கம்.

கணவர் மறைந்த பிறகு தனியாகத்தான் இருக்கிறேன். நினைவு தளர்ந்துவருகிறது என்று தெரிந்ததும் என்னை என்ன செய்வதென்று பலர் தமக்குள் பேசிக்கொண்டார்கள். நீங்கள்தான் என்னிடமே கேட்டீர்கள். அதற்கே முதல் நன்றி.

டாக்டர், அவசரமில்லாமல் விளக்கினீர்கள். அல்சைமர் நோயில் புதியவற்றைப் பதியவைக்கும் ஹிப்போகாம்பஸ் பகுதி ஆரம்பத்திலேயே நலிகிறது. கைப்பழக்கமாகிவிட்ட வேலைகள் மூளையின் வேறு பகுதிகளைச் சார்ந்திருப்பதால் நெடுநாள் தாக்குப்பிடிக்கும் என்றீர்கள். உண்மைதான். நேற்று வந்தவர் யார் என்பது நழுவிவிடுகிறது. துணி தைக்க உட்கார்ந்தால் விரல்கள் தாமாகவே முடிச்சுப் போடுகின்றன. 2024இல் லான்செட் மருத்துவ இதழின் ஆணையம் மறதிநோய்க்கு எனப் பட்டியலிட்ட 14 அபாயக் காரணிகளில் செவித்திறன் குறைவும் உண்டு என்று சொல்லி, காதுக் கருவிக்கும் ஏற்பாடு செய்தீர்கள்.

பக்கத்து வீட்டுத் தம்பி, மாத்திரைப் பெட்டியின் ஏழு அறைகளிலும் கிழமையைப் பெரிதாக எழுதி ஒட்டினாய். ஆனால் மாத்திரைகளை நீ போடுவதில்லை. நான் நிரப்பி முடிக்கும்வரை எதிரில் உட்கார்ந்திருக்கிறாய். "செவ்வாயில் ஒன்று குறைகிறது அம்மா" என்று சொல்லிவிட்டுக் கையை மடியிலேயே வைத்துக்கொள்கிறாய். அதை நானே போட வேண்டும் என்று உனக்கு எப்படித் தெரிந்ததோ! இந்த வயதில் என் கையிலிருந்து வேலையை வாங்கிச் செய்பவர்கள் நிறையப் பேர், காத்திருப்பவர்கள் அரிது.

மகளே, நீயும் அப்படித்தான். பேச்சின் நடுவே ஒரு பெயருக்காக நான் தவிக்கும்போது எடுத்துக் கொடுக்காமல் பொறுத்திருக்கிறாய். பல நேரம் வந்துவிடும். வராத நாளில், "சரி, அவர் என்ன செய்தார், அதைச் சொல்லுங்கள்" என்பாய். பேச்சு நிற்காது.

தனியே இருப்பது எனக்குப் பிடிக்கும். யாருக்கும் வேண்டாதவளாகிவிடுவேனோ என்பதுதான் பயம். பிற்பகலில் வந்து செய்தித்தாள் படித்துக் காட்டும் மாணவிகளே, அந்தப் பயம் உங்களால் விலகியிருக்கிறது. சொன்ன கதையையே நான் திரும்பச் சொன்னாலும் போன முறை கேட்காத கேள்வி ஒன்றைக் கேட்கிறீர்கள். என் இருபது வயதில் நடந்தது ஏதாவது புதிதாக வெளியே வருகிறது.

அடுத்த வாரம் கண் பரிசோதனை இருக்கிறது. துணைக்கு யார் வருவது என்பதை நீங்கள் பேசி முடிவு செய்யுங்கள். கிளம்பும் நேரத்தை நான் சொல்கிறேன்.

மிகுந்த அன்புடன்,
உங்கள் அம்மா