பொலிவியாவின் தலைநகர் எது?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் மாணவர் பகுதியில் தென் அமெரிக்க நாடுகளும் அவற்றின் தலைநகரங்களும் அண்மையில் அட்டவணையாக வெளிவந்திருந்தன. போட்டித் தேர்வுக்குப் படிப்பவர்களுக்கு அது பயன்படும் என்பதில் ஐயமில்லை. ஆனால் அதில் பொலிவியாவுக்கு நேரே லா பாஸ் என்று மட்டும் அச்சிடப்பட்டிருந்தது. அந்நாட்டின் 2009ஆம் ஆண்டு அரசியலமைப்புச் சட்டம், தன் ஆறாவது பிரிவில், தலைநகர் சுக்ரே என்றே கூறுகிறது. குடியரசுத் தலைவரின் மாளிகையும் நாடாளுமன்றமும் லா பாஸில் இருக்கின்றன; உச்ச நீதிமன்றம் சுக்ரேயில் இருக்கிறது. இரண்டு ஊர்களையும் குறிப்பிடுவதே சரியாகும் என்பதைத் தெரிவிக்கவே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

இது வெறும் திருத்தத்தோடு முடிகிற செய்தியும் அன்று. ஒரு நாட்டுக்கு ஏன் இரண்டு தலைநகரங்கள் என்று மாணவர் ஒருவர் கேட்டால், அதற்கான விடை அந்தக் கண்டத்தின் வரலாற்றுக்குள்ளேயே அவரை அழைத்துச் சென்றுவிடும். பொட்டோசி மலையில் 1545ஆம் ஆண்டு வெள்ளி கண்டறியப்பட்டதும், அதற்கு அருகிலேயே, தட்பவெப்பம் சற்று இதமாக இருந்த ஊரில் ஸ்பானியர் தங்கள் நீதிமன்றத்தையும் நிர்வாகத்தையும் அமைத்தார்கள். அந்த ஊர்தான் இன்றைய சுக்ரே. 1825ஆம் ஆண்டு ஆகஸ்ட் 6ஆம் நாள் பொலிவியா விடுதலையை அறிவித்ததும் அங்கேதான். விடுதலைப் போரின் தளபதி அந்தோனியோ ஹோசே டி சுக்ரேயின் பெயரைப் பிற்காலத்தில் அந்த ஊருக்கே சூட்டினார்கள். சுரங்க முதலாளிகளும் நிலக்கிழார்களும் சுக்ரேயில் வாழ்ந்தார்கள். வெள்ளி விற்றவரை அவர்களின் கை ஓங்கியிருந்தது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் வெள்ளியின் விலை சரிந்தது, வெள்ளீயத்துக்கு மதிப்பு ஏறியது. வெள்ளீய வணிகத்தோடு நெருங்கிய தொடர்புடைய லா பாஸ் நகரத்து லிபரல் கட்சியினர், ஆட்சி தங்கள் பக்கம் வரவேண்டும் என்றார்கள். அரசு நிரந்தரமாகச் சுக்ரேயிலேயே தங்கவேண்டும் என்று 1898ஆம் ஆண்டு சட்டம் இயற்றப்பட்டபோது உள்நாட்டுப் போர் மூண்டது. அதில் லிபரல்களின் தலைவர் ஹோசே மனுவேல் பாண்டோவுக்குத் துணை நின்றவர்கள், பறிபோன தங்கள் நிலங்கள் திரும்பக் கிடைக்கும் என்று நம்பிய ஐமாரா பழங்குடி மக்கள். அவர்களை வழிநடத்திய பாப்லோ சராத்தே வில்கா, போர் முடிந்ததும் தம் கூட்டாளிகளாலேயே சிறையில் அடைக்கப்பட்டார், பின்னர் கொல்லப்பட்டார். அரசு லா பாஸுக்குச் சென்றது, நீதிமன்றமும் தலைநகர் என்ற பெயரும் சுக்ரேயில் நின்றன, நிலம் மட்டும் ஐமாரா மக்களுக்குத் திரும்பவில்லை. பழைய கதை என்று இதை ஒதுக்கிவிடவும் முடியாது. புதிய அரசியலமைப்பை எழுதுவதற்கான அவை 2007ஆம் ஆண்டு சுக்ரேயில் கூடியபோது, முழுத் தலைநகர் உரிமையையும் திருப்பிக் கேட்டு மக்கள் தெருவில் இறங்கினார்கள். மோதல்களில் உயிர்கள் போயின.

எந்தப் பொருள் கண்டத்தை விட்டு வெளியே போனதோ, அது போன வழியிலேயே அதிகாரமும் அமர்ந்தது என்பதை மற்ற நாடுகளிலும் காணலாம். இன்றைய பெருவில், இன்காக்களின் தலைநகரமான குஸ்கோ ஆண்டிஸ் மலைகளுக்கு நடுவே இருந்தது. அதைக் கைப்பற்றிய ஸ்பானியத் தளபதி பிரான்சிஸ்கோ பிசாரோவுக்குக் கப்பல்கள் வந்துபோகும் இடம் தேவைப்பட்டது. 1535ஆம் ஆண்டு ஜனவரியில் கடலோரத்தில் லிமாவை நிறுவினார். பொட்டோசியின் வெள்ளி, லிமாவை அடுத்துள்ள கயாவோ துறைமுகம் வழியாகத்தான் ஐரோப்பாவுக்குச் செல்லவேண்டும் என்பது ஸ்பானிய அரசின் விதி. பெருவின் இன்றைய அரசியலமைப்புச் சட்டம் லிமாவைத் தலைநகர் என்றும், குஸ்கோவை வரலாற்றுத் தலைநகர் என்றும் ஒரே பிரிவில் எழுதிவைத்திருக்கிறது. தோற்றவர்களின் ஊருக்குச் சட்டப் புத்தகத்தில் ஓர் இடம் கொடுத்த அந்தச் செயல் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. அதனால் குஸ்கோவுக்கு நடைமுறையில் என்ன கிடைத்தது என்பது வேறு கேள்வி.

அர்ஜென்டினாவின் தலைநகரான புவெனஸ் அயர்ஸின் கதை இதைவிடக் கோணலானது. 1536ஆம் ஆண்டு பெட்ரோ டி மெண்டோசா அமைத்த குடியிருப்பு, பசியாலும் பழங்குடியினரின் தாக்குதலாலும் 1541ஆம் ஆண்டு கைவிடப்பட்டது. எஞ்சியவர்கள் ஆற்று வழியே மேலேறி, இன்றைய பராகுவேயின் தலைநகரான அசுன்சியோனை அடைந்தார்கள். 1580ஆம் ஆண்டு அசுன்சியோனிலிருந்து புறப்பட்ட ஹுவான் டி கராயின் குழுவே புவெனஸ் அயர்ஸை மறுபடியும் நிறுவியது. லிமாவின் தனியுரிமையால் நெடுங்காலம் அது கடத்தல் வணிகத்தை நம்பியே வாழ்ந்தது. 1776ஆம் ஆண்டு புதிய வைஸ்ராய் ஆட்சிப்பகுதிக்குத் தலைமையிடமாக்கப்பட்டு, பொட்டோசியும் அதன்கீழ் வைக்கப்பட்ட பிறகு, அதே வெள்ளி எதிர்த் திசையில் அட்லாண்டிக் கடலுக்கு இறங்கியது. அர்ஜென்டினா விடுதலை பெற்ற பின்னரும், துறைமுகத்தின் சுங்க வருவாய் யாருக்கு என்ற சண்டை மாகாணங்களுக்கும் அந்நகரத்துக்கும் இடையே பல பத்தாண்டுகள் நீடித்தது. இடையில் சில ஆண்டுகள் புவெனஸ் அயர்ஸ் தனியே விலகி நிற்க, பரானா என்ற ஊர் கூட்டரசின் தலைநகராக இருந்தது. 1880ஆம் ஆண்டு ஆயுத மோதலுக்குப் பிறகே நகரம் மத்திய அரசின் நேரடி ஆட்சிக்குள் வந்தது. தன் தலைநகரை இழந்த புவெனஸ் அயர்ஸ் மாகாணம் 1882ஆம் ஆண்டு லா பிளாட்டாவைப் புதிதாகக் கட்டிக்கொண்டது. எதிர்க் கரையிலுள்ள, இன்றைய உருகுவேயின் தலைநகரான மொண்டேவீடியோ, போர்ச்சுக்கீசியர் மேற்கொண்டு முன்னேறாமல் தடுப்பதற்காக எழுப்பப்பட்ட ஸ்பானியக் காவல் நகரம்.

பிரேசிலில் கரும்பு விளைந்த பாஹியாவின் சால்வடோர் 1549 முதல் தலைமையிடமாக இருந்தது. மினாஸ் ஜெராயிஸ் பகுதியில் தங்கம் கிடைத்ததும், அதன் துறைமுகமான ரியோ டி ஜெனிரோவுக்கு 1763ஆம் ஆண்டு தலைமையிடம் மாறியது. நெப்போலியனின் படைக்கு அஞ்சி ஓடிவந்த போர்ச்சுக்கல் அரச குடும்பம் 1808ஆம் ஆண்டு அங்கே குடியேறியதால், ஒரு காலனி நகரம் ஐரோப்பிய அரசுக்கே தலைமையிடமான விந்தை நிகழ்ந்தது. இந்தக் கடலோரப் போக்கை மாற்ற முயன்றது பிரசிலியா. உள்நாட்டுப் பீடபூமியில் புதிய தலைநகருக்காக 14,400 சதுர கிலோமீட்டரை 1891ஆம் ஆண்டு அரசியலமைப்பே ஒதுக்கியிருந்தும், ஜூசெலினோ குபிச்செக் குடியரசுத் தலைவராகப் பதவிக்கு வரும்வரை அது பெரும்பாலும் காகிதத்திலேயே கிடந்தது. லூசியோ கோஸ்டாவின் வரைபடமும் ஆஸ்கார் நீமாயரின் கட்டடங்களும் பேசப்படும் அளவுக்கு, அவற்றைக் கட்டிய வடகிழக்குப் பகுதித் தொழிலாளர்கள் பேசப்படுவதில்லை. 1960 ஏப்ரல் 21 அன்று நகரம் திறக்கப்படுவதற்கு முன்பே, அவர்களுக்காக 1958இல் தகுவாத்திங்கா என்ற துணைநகரம் தொலைவில் அமைக்கப்பட்டுவிட்டது. அர்ஜென்டினாவில் குடியரசுத் தலைவர் ரவுல் அல்ஃபோன்சின் இதே வழியில் தலைநகரைத் தெற்கே வியெத்மாவுக்கு நகர்த்த 1980களில் சட்டம்கூட நிறைவேற்றினார். ஆனால் அலுவலகங்கள் நகரவில்லை. சிலியில் சாண்டியாகோ தலைநகராகவே நீடிக்க, நாடாளுமன்றம் மட்டும் 1990 முதல் வல்பராய்சோவில் கூடுகிறது.

இன்னொரு திருத்தமும் தேவை. பிரெஞ்சு கயானாவைப் பதின்மூன்றாவது நாடாகவும் கயேனை அதன் தலைநகராகவும் அட்டவணை காட்டியிருந்தது. அது நாடன்று, பிரான்சின் ஒரு பகுதி. அங்குள்ள வாக்காளர்கள் பாரிஸ் நாடாளுமன்றத்துக்கு உறுப்பினர்களை அனுப்புகிறார்கள், செலாவணி யூரோ. பக்கத்திலுள்ள கயானாவும் சுரினாமும் முறையே 1966, 1975ஆம் ஆண்டுகளில் விடுதலை பெற்றவை. கயானாவின் கரும்புத் தோட்டங்களுக்கு 1838 முதல் இந்தியாவிலிருந்து ஒப்பந்தத் தொழிலாளர்கள் கொண்டுசெல்லப்பட்டார்கள், சென்னைத் துறைமுகத்திலிருந்து சென்றவர்களும் அவர்களுள் இருந்தார்கள் என்பதைத் தமிழ் நாளிதழ் ஒரு வரியிலேனும் குறிப்பிட்டிருக்கலாம்.

அட்டவணையை மறுமுறை வெளியிடும்போது பொலிவியாவுக்கு நேரே ‘சுக்ரே (அரசியலமைப்புத் தலைநகர்), லா பாஸ் (அரசின் இருப்பிடம்)’ என்று அச்சிடவும், பிரெஞ்சு கயானாவை நாடுகளின் வரிசையிலிருந்து நீக்கவும் வேண்டுகிறேன். இடம் இருந்தால், ஒவ்வொரு தலைநகரும் அந்த இடத்துக்கு வந்த காரணத்தை ஓரிரு வரிகளில் சேர்த்தால் மாணவர்களுக்கு மனப்பாடம் செய்யும் வேலையும் குறையும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்