யானை இன்னும் தென்னையில்தான் இருக்கிறது

தக்கலை,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள மக்கா,

உன் கடிதம் வந்து ஒரு மாதமாகிறது. மழையைச் சாக்குச் சொல்லலாம். உண்மையில் அங்கன்வாடிப் பிள்ளைகளிடம் மாட்டிக்கொண்டேன். அரைமணி நேரச் சிரிப்பு நாடகம் ஒன்று போடச் சொன்னார்கள். 20 வருஷமாக நாடகம் போடுகிறவனுக்கு இதென்ன பெரிய காரியம் என்று போய் நின்றேன்.

முதல் நாளே வாங்கிக்கட்டினேன். கோமாளிக்குப் பெரிய மூக்கும் கரிமீசையும் ஒட்டி, கொட்டுச் சத்தத்தோடு உள்ளே விட்டேன். முன்னால் இருந்த நாலு பிள்ளைகள் ஒரே அலறல். ஒன்று பாயை நனைத்துவிட்டது. நான் யோசித்து யோசித்து எழுதிய வசனத்துக்குச் சிரித்தது டீச்சர் மட்டும்தான், அதுவும் பாவம் பார்த்து.

ராத்திரி தூக்கம் வரவில்லை. தோல்பாவைக்கூத்து ஞாபகம் வந்தது. நாம் ராமாயணம் பார்க்கவா போனோம்? அதில் வரும் கோமாளிகள் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் எப்போது வருவார்கள் என்றுதானே கண்ணைக் கசக்கிக்கொண்டு கிடந்தோம். அடி விழப்போவது உளுவத்தலையனுக்குத் தெரியுமுன் நமக்குத் தெரிந்துவிடும். அதில்தான் அந்தச் சிரிப்பு.

மறுநாள் மூக்கையும் மீசையையும் பிள்ளைகள் கண்முன்னாலேயே ஒட்டச் சொன்னேன். ஒருத்தரும் அழவில்லை. தன் தலையில் இருக்கும் தொப்பியைக் கோமாளி ஊரெல்லாம் தேடுகிறான். "மெதுவா தேடுலே, பிள்ளையளு முதல்ல கண்டுபிடிக்கட்டும்" என்று நான் ஓரத்திலிருந்து கத்த வேண்டியிருந்தது. நடிகனுக்கு அவசரம்தான் பெரிய சத்துரு.

அப்புறம் வில்லுப்பாட்டில் கைவைத்தேன். நம்ம ஒழுகினசேரிக் கலைவாணரே வில்லுப்பாட்டிலிருந்து வந்தவர்தானே! பின்பாட்டுக்காரர் போடும் 'ஆமா'வைப் பிள்ளைகளுக்குக் கொடுத்தேன்.

"பூனை பாலு குடிச்சுதாம்."

"ஆமா!"

"யானை தென்னையில ஏறி இளநி பறிச்சுதாம்."

பாதிப்பேர் பழக்கதோஷத்தில் "ஆமா" என்றார்கள். ஒரு குட்டி மட்டும் எழுந்து நின்று, "பொய்யி!" என்றாள். அவ்வளவுதான், கூரை பிய்ந்துவிடும் போல எல்லாரும் "பொய்யி, பொய்யி!" கோமாளி விடாமல் சாதிக்கச் சாதிக்கச் சிரிப்பு கூடிக்கொண்டே போனது. அந்த இடத்திலேயே நாடகத்தை முடித்தேன்.

அது தப்பாகப் போயிற்று. வாசலில் அதே குட்டி என் வேட்டியைப் பிடித்து, "மாமா, யானை எப்பிடி இறங்கிச்சு?" என்று கேட்டாள். வெள்ளிக்கிழமை மறுபடியும் போக வேண்டும். உனக்கு ஏதாவது வழி தோன்றினால் அதற்குள் எழுது.

உன் கூட்டுக்காரன்