விட்டு விட்டு ஓடிய வீடியோ

அன்புள்ள கப்பல்,

நலம், நலமறிய ஆவல். சம்பிரதாயம் முடிந்தது. நம் வகுப்பு நண்பர்கள் சாரோடு கூடிய கூட்டத்துக்கு வராததற்கு நீ என்மேல் கொலைவெறியில் இருப்பதாகத் தலைவர் சொன்னார். கோபப்படு, உரிமை இருக்கிறது. ஆனால் ஐந்து மாதமாகப் போன் செய்யாதது நீயா நானா என்று கணக்கெடுக்க ஆரம்பித்தால் இரண்டு பேருக்கும் அசிங்கம், அதை விட்டுவிடுவோம். போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். போனில் நீ என்னைப் பேச விடமாட்டாய். நான் சொல்ல வந்ததை முதல் வரியிலேயே சிரித்து மழுப்பிவிடுவாய். நாற்பது வருடமாக அதைத்தானே செய்கிறாய். அதனால் எழுதுகிறேன். கொஞ்சம் நீளம், உட்கார்ந்து படி.

கூட்டத்தில் எடுத்த வீடியோவைத் தலைவரின் மகன் எனக்கு அனுப்ப முயன்ற கதையிலிருந்து தொடங்க வேண்டும். பையன் போனில் எடுத்திருக்கிறான். 22 நிமிடம், கிட்டத்தட்ட 9 ஜிபி. முதலில் பென் டிரைவில் போட்டுக் கொடுக்கப் பார்த்தானாம். 16 ஜிபி பென் டிரைவ், உள்ளே ஒன்றுமே இல்லை, ஆனாலும் இடம் போதாது என்று அடம்பிடித்ததாம். ஃபேட்32 முறையில் ஃபார்மேட் செய்திருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பை அது ஏற்காது, வேறு முறைக்கு மாற்று என்று நான்தான் சொன்னேன். உடனே தலைவருக்கு என்மேல் பெரிய மரியாதை வந்துவிட்டது. அந்த மரியாதை அடுத்த மூன்று வாரத்தில் என்ன ஆனது என்பதுதான் கதை.

வீடியோவைப் போட்டேன். ஒலி அருமையாக வருகிறது. சாரின் இருமல்கூடத் தெளிவாகக் கேட்கிறது. படம்தான் வரமாட்டேன் என்கிறது. ஒரு காட்சி வந்து நிற்கும், இரண்டு விநாடி கழித்து அடுத்தது குதிக்கும். நீ மைக்கைப் பிடித்ததும் இன்னும் மோசம். வாயைத் திறந்தபடி நான்கு விநாடி உறைந்து நின்றாய், பின்னணியில் உன் குரல் மட்டும் அடுத்த நகைச்சுவைக்குப் போய்விட்டது. அந்தக் காட்சியைப் படமாக எடுத்து வைத்திருக்கிறேன். நீ என்னிடம் வாலாட்டினால் எல்லோருக்கும் அனுப்புவேன். உன் கையில் இருந்த காகிதம் ஒரு இடத்தில் இருக்கும், அடுத்த கணம் இரண்டு அங்குலம் தள்ளி இருக்கும். சனியன் பிடித்த வீடியோ என்று திட்டிக்கொண்டேன்.

முதலில் பென் டிரைவைச் சந்தேகப்பட்டேன். கோப்பை வன்தட்டில் நகல் எடுத்துப் போட்டேன், மாற்றமில்லை. அப்புறம்தான் கணக்குப் போட்டுப் பார்த்தேன் (இதை முதலிலேயே செய்திருக்க வேண்டும், சார் பார்த்தால் காதைத் திருகியிருப்பார்). நிமிடத்துக்கு 400 எம்பி என்றால் விநாடிக்கு 7 எம்பிகூட வரவில்லை. அந்தப் பழைய பென் டிரைவே அதைத் தாராளமாகக் கொடுக்கும். ஆக, கோப்பு வந்து சேர்வதில் குறையில்லை. வந்ததைப் பிரித்துப் படமாக்கும் இடத்தில்தான் கோளாறு.

இந்த நேரம் பார்த்து என் அக்கா மகன் வந்தான். மாமா, கோடெக் பேக் போடுங்கள் என்றான். கோடெக் என்பது வீடியோவைச் சுருக்கி, மறுபடி விரிக்கும் முறை; பேக் என்பது அவற்றின் மூட்டை. போட்டேன். அதுவரை ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்த பழைய படங்களும் தலைகீழாக வந்தன. நிஜமாகவே தலைகீழாக, கால் மேலே தலை கீழே. அந்தக் காலத்தில் கோடெக் பேக் தேவைப்பட்டது உண்மை. இப்போது விஎல்சி, எம்பிவி மாதிரி பிளேயர்கள் சுருக்கியதை விரிக்கும் டிகோடர்களைத் தங்களுக்குள்ளேயே வைத்திருக்கின்றன, வெளியே எத்தனை பேக் கொட்டினாலும் அவை சீந்துவதில்லை. யாராவது உன்னிடம் கோடெக் பேக் என்று வாயைத் திறந்தால் காப்பி கொடுத்து அனுப்பிவிடு. அதை நீக்குவதற்கே எனக்கு ஒரு மாலை போயிற்று.

சரி, நோய் என்ன என்று பார்க்காமல் மருந்து கொடுப்பது தப்பு என்று அன்றிரவுதான் புத்தி வந்தது. வீடியோவை ஓடவிட்டு டாஸ்க் மேனேஜரைத் திறந்தேன். சிபியு 100 சதவீதம். நான்கு கோர்களும் நாக்கைத் தொங்கப்போட்டுக்கொண்டு ஓடுகின்றன. பக்கத்தில் ஜிபியு (கிராபிக்ஸ் சிப்) என்று ஒரு வரைபடம் இருக்க வேண்டுமே, அதைக் காணவே காணோம். டிவைஸ் மேனேஜரில் போய்ப் பார்த்தால் டிஸ்பிளே அடாப்டர் என்ற இடத்தில் மைக்ரோசாஃப்ட் பேசிக் டிஸ்பிளே அடாப்டர் என்று எழுதியிருக்கிறது. போன வருடம் விண்டோஸை நான் புதிதாகப் போட்டபோது கிராபிக்ஸ் டிரைவரைப் போட மறந்திருக்கிறேன்! ஒரு வருடமாக என் கணினி கிராபிக்ஸ் சிப்பைத் தொடாமல், எல்லாப் படத்தையும் சிபியுவின் முதுகிலேயே சுமக்க வைத்திருக்கிறது. 1080பி படம் பார்க்கும்போது விசிறி ஏன் விமானம் மாதிரி கத்துகிறது என்று நான் யோசித்ததே இல்லை பார். வயதாகிவிட்டது கணினிக்கு என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

எங்கள் வீட்டு ரேடியோவை நான் பிரித்த கதையை இங்கே இழுக்காதே.

டிரைவரைப் போட்டதும் ஜிபியு வரைபடம் வந்தது. ஒரு பழைய 1080பி படத்தை ஓட்டினேன். வீடியோ டிகோட் என்ற கோடு எழும்பியது, சிபியு பத்துக்குக் கீழே இறங்கியது, விசிறி சத்தம் அடங்கியது. எனக்கு வந்த கர்வத்தைக் கேட்காதே. நேரே சாரின் வீடியோவைப் போட்டேன். வீடியோ டிகோட் கோடு தரையோடு தரையாகக் கிடந்தது. சிபியு மறுபடியும் 100. நீ மறுபடியும் வாயைத் திறந்தபடி உறைந்து நின்றாய்.

அப்போதுதான் விஎல்சியில் கன்ட்ரோல்-ஜே அழுத்தி, இது என்னதான் கோப்பு என்று பார்த்தேன். 3840 x 2160 புள்ளி, விநாடிக்கு 60 ஃபிரேம் (தனிப்படம்), ஹெச்இவிசி என்ற சுருக்கும் முறை, 10 பிட் நிறம். பையன் போனில் இருந்த எல்லாச் சுவிட்சையும் உச்சத்தில் வைத்து எடுத்திருக்கிறான். ஒரு ஃபிரேமில் 83 லட்சம் புள்ளி. விநாடிக்கு 60 என்றால் ஏறக்குறைய 50 கோடி புள்ளி. ஒவ்வொரு ஃபிரேமையும் பிரித்து முடிக்க 16.7 மில்லி விநாடிதான் கெடு. கெடு தவறினால் பிளேயர் காத்திருக்காது. ஒலியைத்தான் அது கடிகாரமாக வைத்திருக்கிறது, ஒலியில் ஒரு சின்னத் தடுக்கல் வந்தாலும் காது பொறுக்காது என்பதால். அதனால் தாமதமான ஃபிரேமைத் தூக்கி எறிந்துவிட்டு ஒலியோடு ஓடும். நீ உறைந்து நிற்பதும் உன் குரல் உறையாததும் இதனால்தான். எம்பிவியில் ஆங்கில ஐ (i) எழுத்தை அழுத்தினால் கைவிட்ட ஃபிரேம்களின் எண்ணிக்கையை அப்படியே காட்டுகிறது. மூன்று நிமிடத்தில் பாதிக்கு மேல் போயிருந்தது. அந்த எண் ஏறுவதைப் பார்க்கும்போது எனக்கு மின்சார மீட்டர் ஞாபகம்தான் வந்தது.

இந்த வேலையைச் செய்யவென்றே கிராபிக்ஸ் சிப்புக்குள் தனிச் சுற்று ஒன்று இருக்கிறது. ஆனால் அது தனக்குக் கற்பித்த மொழியை மட்டும்தான் படிக்கும். என் கணினியில் இருப்பது இன்டெல் நான்காம் தலைமுறை, 2013-இல் வந்தது. 2003-இல் வந்த ஹெச்.264 என்ற பழைய சுருக்கும் முறை அதற்குத் தண்ணீர் பட்ட பாடு. ஹெச்இவிசி தரமும் அதே 2013-இல்தான் வந்தது. ஒரே வருடம் பிறந்தும் ஒன்றையொன்று தெரியாதவர்கள். 10 பிட் ஹெச்இவிசியை முழுக்கச் சிப்பே பிரிக்கும் வசதி இன்டெலில் ஏழாம் தலைமுறையில்தான் வந்தது. ஆகவே விஎல்சி அமைப்புகளில் ஹார்டுவேர் டிகோடிங்கை நான் நூறு முறை டிக் செய்தாலும் ஒன்றும் நடக்காது. இல்லாத கையை எப்படித் தூக்கச் சொல்வது?

ஒரு கிராபிக்ஸ் கார்டு வாங்குங்கள், ஜிடி 1030 போதும், அது 10 பிட்டையே பிரிக்கும் என்றான் அக்கா மகன். இந்தத் தடவை சரியாகத்தான் சொன்னான், ஆனால் ஒரே ஒரு வீடியோவுக்காகக் கார்டு வாங்க எனக்கு மனம் வரவில்லை. கேபினட்டைத் திறந்து விசிறியில் இருந்த தூசியைப் பிரஷ்ஷால் தட்டினேன். சூடேறினால் சிபியு தானாக வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், அதுவும் ஒரு காரணமாக இருக்குமோ என்று. பிரஷ் போன இடமெல்லாம் சாம்பல் நிறத்தில் பஞ்சு மாதிரிப் பிய்ந்து வந்தது. சூடு குறைந்தது, வீடியோ குதிப்பது குறையவில்லை.

கடைசியில் ஹேண்ட்பிரேக் என்ற வீடியோ மாற்றும் மென்பொருளில் போட்டு 1080பி, ஹெச்.264, 8 பிட், விநாடிக்கு 30 ஃபிரேமாக மாற்றக் கொடுத்துவிட்டுத் தூங்கப் போனேன். காலையில் ஒரு ஜிபிக்குச் சற்று மேலே ஒரு கோப்பு கிடந்தது. நிறம் கொஞ்சம் வெளுத்திருக்கிறது. பையன் ஹெச்டிஆர் என்ற கூடுதல் ஒளி, நிற முறையில் எடுத்ததன் வினை. அதைச் சரிசெய்யவும் வழி உண்டு, எனக்குப் பொறுமை இல்லை. மூலக் கோப்பை அழிக்கவில்லை. என்றாவது நல்ல கணினி வாங்கினால் சாரை முழு நிறத்தில் பார்க்கலாம்.

நடுவில் ஒன்று. உன் வீட்டிலும் யூடியூப் விட்டு விட்டு வருகிறது என்று தங்கச்சி எழுதியிருந்தது. வீடியோமேல் வலது கிளிக் செய்து ஸ்டாட்ஸ் ஃபார் நெர்ட்ஸ் என்பதைத் திறக்கச் சொல். கோடெக் இடத்தில் ஏவி01 என்று இருந்தால் அது ஏவி1 என்ற புதிய சுருக்கும் முறை, 2018-இல் வந்தது. உன் கணினி 2020-க்கு முந்தியது என்றால் சிப்புக்கு அது தெரிந்திருக்க வாய்ப்பில்லை. தரத்தை 720பிக்கு இறக்கு, பிரவுசரில் ஹார்டுவேர் ஆக்சிலரேஷன் அணைந்திருக்கிறதா என்றும் பார். சோடாபுட்டி சொல்கிற குறை வேறு. கேமரா பக்கவாட்டில் நகரும்போது மட்டும் படம் லேசாகத் தட்டுகிறது என்கிறான். விநாடிக்கு 24 ஃபிரேம் படத்தை 60 முறை புதுப்பிக்கும் திரையில் காட்டினால் ஒரு ஃபிரேம் இரண்டு முறை, அடுத்தது மூன்று முறை என்றுதான் வரும். அது கோளாறே இல்லை. அவனுக்கு இதை நான் சொன்னால் நம்பமாட்டான், நீ சொல்.

இப்போது எழுத வந்த விஷயம்.

வீடியோ வழவழவென்று ஓடியது. கைவிட்ட ஃபிரேம் பூஜ்யம். சார் உட்கார்ந்த இடத்திலிருந்தே கையை ஆட்டுகிறார், சின்னவர் நாற்காலியைத் தட்டிவிடுகிறார், எல்லாம் தண்ணீர் ஓடுகிற மாதிரி. பதினான்காவது நிமிடத்தில் நீ மைக்கை இடது கையில் வாங்குகிறாய். வலது கையில் அந்தக் காகிதம். காகிதம் நடுங்குகிறது.

இன்னும் சரியாகவில்லையே என்று நிறுத்தி, மறுபடி ஓட்டினேன். எண்ணிக்கையைப் பார்த்தேன், பூஜ்யம்தான். உன் பக்கத்தில் நிற்கும் தலைவரின் கை அசையவில்லை. உன் இடது கையில் மைக் அசையவில்லை. மின்விசிறிக் காற்றோ என்று பார்த்தேன், மேசைமேல் இருந்த தாள்கள் அப்படியே கிடக்கின்றன. பிறகு நீ காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துவிட்டுக் கையைத் தொங்கவிட்டாய். அப்போதும் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் நிற்கவில்லை. கொஞ்ச நேரத்தில் நீயே அதைக் கவனித்துக் கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய்விட்டாய். சிரித்துக்கொண்டே, நகைச்சுவையை விடாமல். அங்கிருந்தவர்கள் யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். வந்திருந்தால் நானும் பார்த்திருக்க மாட்டேன், நீ சொன்னதற்குச் சிரித்துக்கொண்டிருப்பேன்.

மூன்று வாரம் அதை வீடியோவின் நடுக்கம் என்று நினைத்துச் சிப்பையும் டிரைவரையும் திட்டிக்கொண்டிருந்தேன்.

எப்போதிலிருந்து இருக்கிறது? தங்கச்சிக்குத் தெரியுமா? நீ போன் செய்யாமல் இருந்ததற்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா? நான் பயமுறுத்தவில்லை. என் அப்பாவுக்குக் கை நடுங்க ஆரம்பித்தபோது நாங்கள் என்னென்னவோ கற்பனை செய்தோம். ரத்தப் பரிசோதனையில் தைராய்டு என்று வந்தது, மாத்திரையில் அடங்கியது. உனக்கும் அதுதான் என்று சொல்ல நான் யார்? கோடெக் பேக் போட்டவன் பேச்சை நீ கேட்கவும் வேண்டாம். நரம்பு மருத்துவரிடம் போ. சும்மா இருக்கும்போது நடுங்குகிறதா, எதையாவது பிடிக்கும்போதா என்று கேட்பார்கள். கவனித்து வைத்துக்கொள், மழுப்பாமல் சொல்.

தனியாகப் போகாதே. அடுத்த வாரம் வியாழன், வெள்ளி இரண்டு நாளும் எனக்கு லீவு. இந்தத் தடவை வருகிறேன். வேண்டாம் என்று போன் செய்தாலும் வருவேன், எடுக்கமாட்டேன்.

சின்னக் கோப்பை உனக்கு மட்டும் அனுப்பியிருக்கிறேன். தலைவருக்கு இன்னும் கொடுக்கவில்லை, வீடியோ சரியாகவில்லை என்றே சொல்லி வைத்திருக்கிறேன். நீ பதினான்காவது நிமிடத்தை ஒருமுறை பார்த்துவிட்டு, கொடுக்கலாமா என்று சொல்.

உன்,
ரேடியோ