நாளை அங்கோர்: படித்துவிட்டுத் தூங்கவும்

எல்லோருக்கும் வணக்கம். நாளை கம்போடியாவின் அங்கோர் கோயில்களைப் பார்க்கப் போகிறோம். அதிகாலை 4:30க்கு விடுதி வாசலில் இரண்டு டுக்டுக் (நம்ம ஊர் ஆட்டோ மாதிரி) நிற்கும். ஒன்றுக்கு 20 டாலர் பேசியிருக்கிறேன், நான்கு பேர் பகிர்ந்தால் தலைக்கு 5 டாலர்தான். செலவில் பெரியது ஒருநாள் நுழைவுச்சீட்டு, 37 டாலர். அதில் பேரம் கிடையாது. சீட்டில் உங்கள் படம் அச்சாகும். வேறொருவருக்குக் கொடுக்க முடியாது, தொலைக்கவும் கூடாது. கிழிந்த டாலர் நோட்டை இங்கே வாங்க மாட்டார்கள், இன்றே பார்த்து வையுங்கள்.

தோளும் முட்டியும் மூடிய உடை கட்டாயம். துண்டைப் போர்த்திச் சமாளிக்கலாம் என்று நினைக்க வேண்டாம், அங்கோர் வாட் கோயிலின் மேல்தளத்துக்கு விட மாட்டார்கள்.

அங்கோர் வாட்டில் சூரிய உதயம் பார்த்ததும் கூட்டம் காலை உணவுக்குக் கலையும். நாம் அப்போதுதான் கிழக்குத் தாழ்வாரத்துக்குப் போகிறோம். பாற்கடல் கடையும் சிற்பம் அங்கேதான்: ஏறக்குறைய 49 மீட்டர் நீளம், 92 அசுரர், 88 தேவர். கதை தெரிந்த நமக்கு வழிகாட்டி தேவையில்லை, அந்தக் காசும் மிச்சம்!

அப்புறம் பாயோன், தா புரோம் கோயில்கள். இரண்டும் கெமர் மன்னன் ஏழாம் ஜெயவர்மன் கட்டியவை. தண்ணீரும் தொப்பியும் மறக்க வேண்டாம். வருபவர்கள் இரவு 9க்குள் பெயரைப் போடுங்கள்.