தறிக்குழியில் தேங்கும் தெருத் தண்ணீர்: அம்மாப்பேட்டை நெசவாளர் குடும்பங்களின் கோரிக்கை மனு

அனுப்புநர்:
கைத்தறி நெசவாளர் குடும்பங்கள்,
அம்மாப்பேட்டை, சேலம்.
(தெருப் பெயர், கதவு எண்கள், கையொப்பங்கள் இணைப்பில்)

பெறுநர்:
உயர்திரு மாவட்ட ஆட்சித் தலைவர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம்,
சேலம்.

பொருள்: உயர்த்திப் போட்ட கான்கிரீட் சாலையால் மழைநீர் வீடுகளுக்குள் புகுந்து குழித்தறிகள் மூழ்குவது – சாலையைப் பெயர்த்துத் தாழ்த்தி, மழைநீர் மண்ணில் இறங்கும்படி அமைத்துத் தரக் கோருவது – தொடர்பாக.

பார்வை: இதே பொருள் குறித்து சம்பந்தப்பட்ட அலுவலகத்தில் நாங்கள் ஏற்கெனவே கொடுத்த மனுக்கள் (நகல்கள் இணைப்பில்).

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். அம்மாப்பேட்டையைப் பற்றித் தங்களுக்கு நாங்கள் விளக்கத் தேவையில்லை. ஏற்காட்டு மலையில் கனமழை என்றால் திருமணிமுத்தாறு எங்கே நிரம்பும், குமரகிரி ஏரிப் பக்கம் எந்தச் சந்தில் தண்ணீர் நிற்கும் என்பதெல்லாம் தாங்கள் அறிந்ததே. ஆனால் இந்த மனு ஆற்று வெள்ளத்தைப் பற்றியது இல்லை. மலையில் ஒரு சொட்டு விழாத நாளில்கூட, எங்கள் தெருவில் பெய்கிற மழை எங்கள் வீட்டுக்குள் வருகிறது. அதைப் பற்றியே எழுதுகிறோம்.

இதற்கு முன் கொடுத்த மனுக்களுக்குப் பதில் கடிதம் எதுவும் வரவில்லை. கடைசி மனுவுக்கு மட்டும் "தங்கள் கோரிக்கை முடித்து வைக்கப்பட்டது" என்று கைபேசிக்கு ஒரு குறுஞ்செய்தி வந்தது. யாரும் வந்து பார்க்கவில்லை, எதுவும் முடியவுமில்லை. அதனால்தான் தங்களிடம் நேரில் வருகிறோம்.

1. எங்கள் தெரு வீடுகள் பெரும்பாலும் பழையவை. மண் சுவர், சுண்ணாம்புப் பூச்சு, நாட்டு ஓடு. தெருவிலிருந்து திண்ணைக்கு மூன்று படி ஏறித்தான் வீட்டுக்குள் போவோம். தார்ச் சாலையின் மேல் தார்ச் சாலை போட்டதில் இரண்டு படி போனது. அதற்கு மேல் கான்கிரீட் போட்டதில் மூன்றாவது படியும் போய், இன்று தெருவிலிருந்து வீட்டுக்குள் இறங்க வேண்டியிருக்கிறது. 2021-ல் தலைமைச் செயலாளராக இருந்த, நம் சேலத்தைச் சேர்ந்த திரு. வெ. இறையன்பு அவர்கள், பழைய சாலையைச் சுரண்டி எடுத்த பிறகே புதிய சாலை போட வேண்டும், வீடுகள் தாழ்ந்துவிடக் கூடாது என்று உத்தரவிட்டார். எங்கள் தெருவில் ஒரு கடப்பாரைகூடப் போடாமல் அப்படியே மேலே கொட்டிவிட்டுப் போனார்கள்.

2. கான்கிரீட்டை இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவர் வரை, ஓரத்தில் ஓர் அங்குல மண்கூட விடாமல் போட்டிருக்கிறார்கள். தெரு 25 அடி அகலம், 500 அடி நீளம். கணக்குப் போட்டால் ஏறக்குறைய 1,160 சதுர மீட்டர். 5 சென்டிமீட்டர் மழை பெய்தால் தெருவின் மேல் விழுகிற தண்ணீர் மட்டும் 58,000 லிட்டர். 12,000 லிட்டர் டேங்கர் லாரியில் பிடித்தால் கிட்டத்தட்ட ஐந்து லாரி. கூரைத் தண்ணீர் தனி. முன்பு இதில் பெரும்பகுதியை மண் குடித்துவிடும். இன்று மண் இல்லை. தெருவை விடப் பள்ளமாக இருப்பது எங்கள் வீடுகள் மட்டுமே.

3. ஐயா, எங்களுக்கு மிகவும் வலிப்பது இதுதான். இதை மட்டுமாவது முழுமையாகப் படித்துவிட வேண்டுகிறோம்.

நாங்கள் நெய்வது வெண்பட்டு வேட்டி. புவிசார் குறியீடு பெற்ற சேலம் வெண்பட்டு. நெய்வது குழித்தறியில். தரையில் இடுப்பளவுக்குக் குழி வெட்டி, அதற்குள் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்து மிதிபலகையை மிதித்து நெய்ய வேண்டும். பாவு, அதாவது தறியில் நீளவாக்கில் கட்டிய நூல், தரையை ஒட்டி, ஒரு சாண் உயரத்தில் போகும். குழி வெட்டியதற்குக் காரணம் உண்டு. மண்ணின் ஈரக்கசிவு இதமாக மேலே வந்தால்தான் பட்டு இழை அறாது. கூரை ஓடும் மண் சுவரும் வீட்டின் உள்ளே குளிர்ச்சியாக வைத்திருக்கும். எங்கள் தாத்தாக்கள் தறிக்காகக் கட்டிய வீடுகள் இவை.

அந்தக் குழிக்குள்தான் இப்போது தெருத் தண்ணீர் நிற்கிறது. முதலில் நிலைப்படியைத் தாண்டி வரும். அதற்குத் துணி மூட்டையும் மணல் மூட்டையும் வைத்துத் தடுக்கிறோம். ஆனால் அரை மணி நேரத்தில் சுவரின் அடியிலிருந்தே கசிய ஆரம்பிக்கும். குழியின் நாலு பக்கமும் வேர்ப்பது போலத் தெரியும், அப்புறம் அடியில் ஒரு விரல் தண்ணீர், கொஞ்ச நேரத்தில் முழங்கால் அளவு. சாக்கடையும் கலந்துதான் வரும். சொம்பிலும் பக்கெட்டிலும் இரவெல்லாம் இறைத்துக் கொண்டு போய்த் தெருவில் ஊற்றினால், அது திரும்ப எங்கள் வீட்டுக்கே வரும். இறைத்து முடித்தாலும் குழி காய வாரக்கணக்கில் ஆகிறது. மிதிபலகை ஊறி உப்பிவிடும், கயிறு அழுகி அறும். நாறுகிற அந்த ஈரத்தில் காலை வைத்துக்கொண்டு நாள் முழுக்க உட்கார்ந்து நெய்கிற பெண்களின் விரல் இடுக்குகளைத் தாங்கள் பார்க்க வேண்டும். சேற்றுப்புண் ஆறுவதற்குள் அடுத்த மழை வந்துவிடுகிறது.

இதையும் பொறுத்துக்கொள்கிறோம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். பட்டு பொறுக்காது. நிறப் புடவை என்றால் ஒரு சிறு கறையை மறைக்கலாம். வெண்பட்டில் எதை மறைப்பது? கல்யாண மாப்பிள்ளை கட்டுகிற வேட்டி. தரையில் தெறித்த கலங்கல் தண்ணீர் ஒரு சொட்டு பாவின் மேல் பட்டால் அந்த வேட்டி போயிற்று. பாவு கொடுத்தவர் அந்த வேட்டிக்குக் கூலி பிடித்துக்கொள்வார். அவரைக் குறை சொல்ல முடியாது, கறைபட்ட வேட்டியை அவரும் விற்க முடியாது. போன ஐப்பசி மழையில் பக்கத்து வீட்டு அக்கா, முக்கால்வாசி நெய்து முடித்திருந்த பாவை நனையாமல் தூக்கிப் பிடிக்க, அவரும் அவர் மகளும் ஆளுக்கொரு பக்கமாக விடியும் வரை நின்றார்கள். தூக்கினாலும் இழை தொய்ந்து சிக்கிக்கொண்டது. அந்தப் பாவில் மிச்சத்தை நெய்யவே முடியவில்லை. முகூர்த்த மாதத்தில் கிடைக்கிற கூலியை வைத்துத்தான் நாங்கள் ஆடியை ஓட்டுகிறோம். அந்த மாதங்களில்தான் மழையும் வருகிறது.

இந்தத் தெருவில் பாதித் தறிகள் ஓய்ந்துவிட்டன. சிலர் குழியை மூடி மேலே சிமெண்டு பூசிவிட்டு வேறு வேலைக்குப் போகிறார்கள். மூடிய குழியைத் திரும்ப யாரும் வெட்டப் போவதில்லை ஐயா.

4. "மழைநீர் வடிகால் கட்டித் தருகிறோம், சரியாகிவிடும்" என்று ஒருமுறை வாய்மொழியாகச் சொன்னார்கள். தெரு உயரமாகவும் வீடு பள்ளமாகவும் இருக்கும்போது வடிகால் கட்டி என்ன பயன்? வடிகாலும் சாலை மட்டத்தில்தான் இருக்கும். இந்தத் தெருவுத் தண்ணீரை அள்ளிக் கொண்டு போய் அடுத்த தெருவுக்காரர் தலையில் கொட்டுவதும் எங்களுக்கு வேண்டாம். மேட்டூரிலிருந்து காவிரித் தண்ணீரை மின்சாரம் செலவழித்து இறைத்துக் கொண்டுவந்து குடிக்கிற ஊர் இது. வாசலில் விழுகிற நல்ல தண்ணீரைச் சாக்கடையில் கலந்து திருமணிமுத்தாற்றில் விடுவது எந்த ஊர் நியாயம்? 2003-ல் தமிழ்நாடு முழுக்க எல்லாக் கட்டடத்துக்கும் மழைநீர் சேகரிப்பு கட்டாயம் என்று சட்டம் வந்தபோது, எங்கள் கூரைத் தண்ணீருக்கும் குழாய் வைத்தோம், வாசலில் உறிஞ்சுகுழி தோண்டினோம். அந்தக் குழிகளின் மேல்தான் இந்தக் கான்கிரீட்டைப் போட்டு மூடியிருக்கிறார்கள். வீட்டுக்காரன் செய்யாவிட்டால் குற்றம், சாலை போடுகிறவர் மூடிவிட்டால் குற்றமில்லையா?

5. "அடியில் பாறை, தண்ணீர் இறங்காது" என்றும் சொல்லப்பட்டது. சேலம் பாறை பூமிதான், மறுக்கவில்லை. ஆனால் பாறைக்கு மேலே சிதைந்த கல்லும் மண்ணுமாக ஓர் அடுக்கு இருக்கிறது. தெருவில் மூடிக் கிடக்கிற பழைய கிணறுகளில் தண்ணீர் நின்றது அந்த அடுக்கில்தான். பெங்களூரில் கப்பன் பூங்காவுக்குள் உறை இறக்கி, மழைநீரை மண்ணுக்குள் இறக்கும் மீள்நிரப்புக் கிணறுகள் வெட்டினார்கள். அங்கிருந்த பழைய கிணறுகளில் திரும்பத் தண்ணீர் ஊறியது. அதுவும் பாறை பூமிதான். நம் ஊரில் கிணறு வெட்டவும் உறை இறக்கவும் தெரிந்தவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

6. வேப்பமரங்கள். அதிகாலையில் தெருவின் நீளத்துக்குப் பாவை விரித்து நீட்டுவது எங்கள் வழக்கம். மண்ணில் முளை அடித்து, மர நிழலில், வெயில் ஏறுவதற்குள் முடிப்போம். தெருவை இவ்வளவு அகலமாகவும் நேராகவும் விட்டதே அதற்காகத்தான். இப்போது முளை அடிக்க மண் இல்லை. இருக்கிற மரங்களின் தூரை ஒட்டிக் கான்கிரீட் போட்டுவிட்டதால் இரண்டு மரங்கள் பட்டுப்போய்விட்டன. மரத்தைச் சுற்றி ஒரு மீட்டர் வரை கான்கிரீட் இருக்கக் கூடாது, இருப்பதையும் அகற்ற வேண்டும் என்று 2013-லேயே தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் டெல்லி விஷயத்தில் உத்தரவிட்டது. சித்திரை, வைகாசியில் எங்கள் தெரு காய்ந்த தோசைக்கல்லாகக் கிடக்கிறது. சூரியன் இறங்கிய பிறகும் வீட்டுக்குள் அனல் அடிக்கிறது, தறியில் இழை அறுகிறது. மழையில் மூழ்கினால் ஒரு நஷ்டம், வெயிலில் அறுந்தால் இன்னொரு நஷ்டம். வெப்ப அலையை மாநிலப் பேரிடர் என்று 2024-ல் தமிழக அரசே அறிவித்திருக்கிறது. அப்படியிருக்க, வெப்பத்தைத் தேக்கி வைக்கிற சாலையை நாமே காசு கொடுத்துப் போடுவது சரிதானா? உலகம் வெளிவிடும் கரியமிலவாயுவில் 7–8 விழுக்காடு சிமெண்டு உற்பத்தியிலிருந்து வருகிறது என்கிறார்கள். தேவையான இடத்தில் போடட்டும். மரத்தின் தூரிலும் எங்கள் திண்ணையின் மேலும் அது எதற்கு?

7. அரசு உதவியில் வீட்டை இடித்துக் கட்டுகிறவர்களுக்காகவும் ஒரு வார்த்தை. அவர்களுக்குக் கொடுக்கிற வரைபடத்தில் தறி போட இடமில்லை. ஓடு பதித்து வார்க்கிற கூரையும், செங்கல்லை நிறுத்தி நடுவில் வெற்றிடம் விட்டுக் கட்டுகிற எலிப்பொறிக் கட்டுச் சுவரும் கேரளத்தில் கட்டடக் கலைஞர் லாரி பேக்கர் அவர்கள் எத்தனையோ வீடுகளில் கட்டிக் காட்டியவை. செங்கல்லும் சிமெண்டும் குறையும், உள்ளே சூடும் குறையும். தறிக்குழியோடு அப்படி ஒரு வரைபடத்துக்கு ஒப்புதல் கிடைத்தால் போதும்.

8. சாலையே வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. பழைய சாலை குண்டும் குழியுமாக இருந்தது உண்மை. சாலை வேண்டும். அது எங்கள் வாசல்படிக்குக் கீழே இருக்க வேண்டும்.

ஐயா, நாங்கள் கேட்பவை இவைதான். உயர்த்திப் போட்ட கான்கிரீட்டைப் பெயர்த்து எடுத்து, தெருவைப் பழைய மட்டத்துக்குக் கொண்டுவர வேண்டும். வண்டி போக நடுவில் எவ்வளவு அகலம் தேவையோ அவ்வளவுக்கு மட்டும் சாலை போட்டு, இரண்டு ஓரத்திலும் மண்ணாகவோ, இடைவெளி விட்டுப் பதித்த கல்லாகவோ விட வேண்டும். மூடிய உறிஞ்சுகுழிகளைத் திறந்து, தெருவில் தண்ணீர் சேருகிற இடங்களில் மீள்நிரப்புக் கிணறுகள் வெட்டித் தர வேண்டும். சாக்கடைத் தண்ணீர் அவற்றில் கலக்காமல் தனியே போக வேண்டும். மரங்களின் தூரைச் சுற்றி உடைத்துவிட வேண்டும். முளை அடிக்க ஓரத்தில் மண் வேண்டும்.

இவ்வளவும் உடனே முடியாது என்றால், மழைக்கு முன் வீட்டு வாசல்களை ஒட்டி மூன்றடி அகலத்துக்காவது கான்கிரீட்டை வெட்டி எடுத்து, ஜல்லி நிரப்பித் தாருங்கள். அதற்குப் பெரிய மதிப்பீடோ டெண்டரோ தேவைப்படாது என்று நினைக்கிறோம். ஆள் பற்றாக்குறை என்றால் எங்கள் தெருப் பிள்ளைகளே கடப்பாரை பிடிக்கத் தயார். அனுமதி மட்டும் கொடுங்கள். அனுமதி இல்லாமல் உடைத்தால் எங்கள் மேல் வழக்கு வரும் என்று பயமுறுத்துகிறார்கள்.

சேலம் ஸ்மார்ட் சிட்டி திட்டத்துக்கு 2016-ல் தேர்வானபோது நாங்களும் சந்தோஷப்பட்டவர்கள்தான். பசுமை நகரம், நீடித்த வளர்ச்சி என்றெல்லாம் பலகைகளில் படிக்கிறோம். மண் சுவரும் ஓடும் திண்ணையும் மண் தெருவும் நிழல் மரமும் ஏற்கெனவே எங்களிடம் இருந்தன. இருந்ததைக் கெடுத்தது யார் என்று விசாரித்து யாரையும் தண்டிக்கச் சொல்லி நாங்கள் வரவில்லை. தண்ணீர் தறிக்குழிக்குள் வராமல் செய்யுங்கள் என்று கேட்டு வந்திருக்கிறோம்.

வெயில் நாளில் வந்தால் ஒன்றும் தெரியாது. மழை பெய்த மறுநாள் காலையில், ஒரு பொறியாளரை அழைத்துக்கொண்டு தாங்கள் நேரில் வர வேண்டும். எங்கள் வீட்டுக்குள் இறங்கித் தறிக்குழியை எட்டிப் பார்க்க வேண்டும். பார்த்த பிறகும் தேவையில்லை என்று தங்களுக்குத் தோன்றினால் அதை எழுத்தில் கொடுங்கள், வாங்கிக்கொள்கிறோம். மறுபடியும் ஒரு குறுஞ்செய்தியில் முடித்து வைத்துவிட வேண்டாம் என்று கைகூப்பிக் கேட்டுக்கொள்கிறோம்.

ஐப்பசி முகூர்த்தத்துக்கான பாவுகள் இப்போது தறியில் ஏறியிருக்கின்றன. அதற்குள் வாசலோரக் கான்கிரீட்டையாவது எடுத்துத் தர உத்தரவிடுமாறு மிகவும் பணிவுடன் வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
கைத்தறி நெசவாளர் குடும்பங்கள்,
அம்மாப்பேட்டை, சேலம்.

இணைப்பு: முந்தைய மனுக்களின் நகல்கள், கைபேசிக்கு வந்த குறுஞ்செய்தியின் படம், தண்ணீர் நின்ற தறிக்குழிகளின் புகைப்படங்கள், தெருவின் கை வரைபடம், கையொப்பப் பட்டியல்.